கப்பலைக் கண்டெடுத்தவர் பெயர் எங்கே?

போன மாதம் எங்கள் ஞாயிறு வாசிப்பு வட்டத்தில் புத்தகத்தை ஓரமாக வைத்துவிட்டு ஒரு படம் போட்டோம். 2021இல் வந்த 'தி டிக்'. இங்கிலாந்தின் சஃபோக் பகுதியில், கணவரை இழந்த ஒரு வசதியான பெண்ணின் நிலத்தில் இருக்கும் மண்மேட்டை ஒரு கிராமத்து மனிதர் தோண்டுகிறார். உள்ளே ஒரு கப்பல். படம் முடிந்து விளக்கைப் போட்டதும் கல்லூரியில் படிக்கும் தோழர் ஒருவர் கேட்டார்: "வெள்ளைக்கார ராஜாவோட புதையலப் பாத்து நமக்கு என்ன ஆகப்போவுது?"

நியாயமான கேள்விதான். அன்றைக்கு நேரமாகிவிட்டதால் அரைகுறையாகத்தான் பேச முடிந்தது. மீதியை இங்கே எழுதுகிறோம்.

முதலில் ஒன்றை நினைவுபடுத்த வேண்டும். அண்ணல் அம்பேத்கர் 1948இல் 'தீண்டப்படாதார்' நூலை வெளியிட்டபோது, அதன் முன்னுரையில் தன் வேலையைத் தொல்லியலாளரின் வேலையோடு ஒப்பிட்டார். உடைந்த கற்களை வைத்து ஒரு நகரத்தை மீட்டெடுப்பவரைப் போலத்தான் தானும் செய்ய வேண்டியிருக்கிறது என்றார். எழுதி வைக்கப்படாத மக்களின் வரலாற்றைத் தேடுகிறவருக்கு வேறு வழியில்லை என்பது அவருக்குத் தெரிந்திருந்தது. ஆகவே மண்ணைத் தோண்டுகிறவர் யார், கிடைத்ததைப் பற்றிப் பேசுகிறவர் யார், பலகையில் யார் பெயர் ஏறுகிறது என்ற கேள்விகள் நமக்கு அந்நியமானவை அல்ல. அவை எந்த நாட்டில் எழுந்தாலும் சரி.

பேசில் பிரவுன் 1888இல் சஃபோக்கில் பிறந்தார். தந்தை சிறு விவசாயி, வண்டிச் சக்கரம் செய்யும் வேலையும் தெரிந்தவர். 12 வயதில் பள்ளிக்கூடம் முடிந்தது. அதன்பிறகு வயல் வேலை. ஆனால் படிப்பு நிற்கவில்லை. அஞ்சல் வழியிலேயே படித்து 1907க்குள் வானியல், புவியியல், நிலவியல் மூன்றிலும் பட்டயம் பெற்றார். பழைய வானியல் வரைபடங்களைப் பற்றி ஒரு புத்தகமே எழுதி 1932இல் வெளியிட்டார். நிலம் மட்டும் சோறு போடவில்லை. 1934இல் விவசாயத்தை விட்டார். காப்பீட்டு முகவர் வேலை பார்த்தார். மிதிவண்டியில் ஊர் ஊராகச் சுற்றி, வயல்களில் கிடக்கும் பானை ஓடுகளைப் பார்த்துப் பார்த்து மண்ணைப் படிக்கக் கற்றுக்கொண்டார். வாட்டிஸ்ஃபீல்டு என்ற ஊரில் ரோமானியர் காலத்துப் பானைச் சூளையை அவர் கண்டுபிடித்த பிறகுதான் இப்ஸ்விச் அருங்காட்சியகம் அவரைத் திரும்பிப் பார்த்தது. அப்போதும் கிடைத்தது தற்காலிக வேலை மட்டுமே.

1938இல் எடித் பிரிட்டி என்ற அந்தப் பெண்மணி, சட்டன் ஹூ என்ற தன் நிலத்து மேடுகளில் என்ன இருக்கிறது என்று பார்க்க ஆள் கேட்டார். அருங்காட்சியகம் பிரவுனை அனுப்பியது. வாரக் கூலி 30 ஷில்லிங். தங்க இடம், அந்த அம்மையாரின் கார் ஓட்டுநர் வீட்டில். அந்த ஆண்டு அவர் மூன்று மேடுகளைத் திறந்தார். மூன்றிலும் பழைய காலத்திலேயே கொள்ளையர் கைவைத்திருந்தார்கள். ஆனால் ஒன்றில் சிதறிய இரும்பு ரிவெட்டுகள் கிடைத்தன. இவை எதற்கு உதவும் என்று யோசித்தவர், பக்கத்தில் ஆல்டுபரோ அருங்காட்சியகத்துக்குப் போய், 1862இல் ஸ்னேப் என்ற ஊரில் கிடைத்த படகின் ரிவெட்டுகளோடு ஒப்பிட்டுப் பார்த்தார். இரண்டும் ஒரே வகை.

1939 மே மாதம் பெரிய மேட்டில் கை வைத்தார்கள். உதவிக்கு வந்தவர்கள் தோட்டக்காரர் ஜான் ஜேக்கப்ஸ், வேட்டைக் காவலர் வில்லியம் ஸ்பூனர். மூன்றே நாளில் முதல் ரிவெட் தட்டுப்பட்டது. போன ஆண்டு பார்த்தது இருந்ததால் பிரவுனுக்கு உடனே புரிந்துவிட்டது. மண்வெட்டியைக் கீழே வைக்கச் சொன்னார்.

இங்கேதான் அவருடைய திறமையைப் பார்க்க வேண்டும். அந்த மணல் அமிலத்தன்மை கொண்டது. 1,300 ஆண்டுகளில் மரம் முழுக்கக் கரைந்துவிட்டது. ஒரு பலகைகூட மிச்சமில்லை. மரம் இருந்த இடத்தில் மணலின் நிறம் சற்று மாறியிருக்கும், பலகைகளைப் பிணைத்த ரிவெட்டுகள் அதே இடத்தில் வரிசையாக நிற்கும். அவ்வளவுதான் கப்பல்! ஒரு ரிவெட்டைப் பிடுங்கினால் ஒரு வரி அழியும். பிரவுன் ஒன்றையும் அசைக்கவில்லை. ரிவெட் தெரியும் மட்டும் மணலை மெல்லச் சுரண்டி, அங்கேயே விட்டு, அடுத்ததுக்குப் போனார். இப்படியே சுமார் 27 மீட்டர் நீளக் கப்பலின் உடல் மணலிலேயே எழுந்து நின்றது. இல்லாத ஒரு பொருளைத் தோண்டி எடுத்தவர் என்றே அவரைச் சொல்லலாம். நடுவில் ஒரு கொள்ளைக் குழியையும் கண்டார். உழவினால் மேட்டின் ஒரு பக்கம் கரைந்து, நடுவிடம் எது என்பதே மாறிப்போயிருந்தது. அதனால் கொள்ளையர் தப்பான இடத்தில் தோண்டிவிட்டுப் போயிருந்தார்கள். புதையறை தொடப்படாமல் இருந்தது.

செய்தி கேம்பிரிட்ஜுக்குப் போனது. சார்லஸ் பிலிப்ஸ் வந்தார். ஜூலையில் அகழாய்வின் பொறுப்பு அவர் கைக்கு மாறியது. பயிற்சி பெற்ற தொல்லியலாளர்கள் குழுவாக இறங்கினார்கள். பிரவுன் அங்கேயேதான் இருந்தார்; ஆனால் புதையறைக்குள் தோண்டும் வேலை மற்றவர்களுக்கு. முதல் தங்கப் பொருள் பெக்கி பிகட் என்ற இளம் தொல்லியலாளரின் கையில் கிடைத்தது. மொத்தம் 263 பொருள்கள். தலைக்கவசம், வாள், பைசாந்திய வெள்ளிப் பாத்திரங்கள், ஐரோப்பாவின் பல ஊர்களில் அச்சிட்ட தங்கக் காசுகள். ஏழாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கிழக்கு ஆங்கிலியாவை ஆண்ட ரெட்வால்ட் மன்னனின் அடக்கமாக இருக்கலாம் என்பது பெரும்பான்மைக் கருத்து.

பிலிப்ஸ் வந்ததே தப்பு என்று நாங்கள் சொல்லவில்லை. அவ்வளவு பெரிய கண்டுபிடிப்புக்குக் கூடுதல் ஆட்களும் கூடுதல் பயிற்சியும் தேவைதான். நம் கேள்வி, அதற்குப் பின் நடந்ததைப் பற்றி. ஆகஸ்டில் ஊர் மண்டபத்தில் நடந்த விசாரணை, பொருள்கள் நிலத்துக்காரருக்கே சொந்தம் என்றது. எடித் பிரிட்டி எல்லாவற்றையும் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்துக்குக் கொடையாகக் கொடுத்தார். அது பெரிய மனசு, மறுக்க முடியாது. அடுத்த மாதம் போர் மூண்டது. பொருள்கள் லண்டன் சுரங்க ரயில் பாதையில் பதுக்கப்பட்டன. கப்பல் கிடந்த குழியைப் பெரணிச் செடிகளால் மூடினார்கள். பின்னால் அந்த நிலத்தில் ராணுவ டாங்கிகள் பயிற்சிக்கு ஓடின. போர் முடிந்து பொருள்கள் காட்சிக்கு வந்தபோது பேசில் பிரவுன் பெயர் அங்கே இல்லை. பல பத்தாண்டுகள் நிரந்தரக் காட்சியில் அந்தப் பெயர் இல்லாமலேயே கூட்டம் வந்து பார்த்துவிட்டுப் போனது.

இங்கே அவசரப்பட்டு இணைகோடு போட்டுவிடக் கூடாது. பிரவுனை விலக்கி வைத்தது வர்க்கமும் பட்டமும். அது சாதி அல்ல. அவர் விரும்பிய வேலைக்கு அவரை வரவிடாமல் பிறப்பு தடுக்கவில்லை, அவர் கை பட்ட பொருள் தீட்டாகவில்லை. ஆனால் உழைப்பை எடுத்துக்கொண்டு பெயரை விட்டுவிடும் பழக்கம் இருக்கிறதே, அதை அடையாளம் காண நமக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

ஒரு பக்கக் குறிப்பு. படமும் அதே வேலையைச் செய்திருக்கிறது. பெக்கி பிகட் அப்போதே நன்கு பயிற்சி பெற்றவர். படத்தில் அவர் கத்துக்குட்டியாக வருகிறார். அகழாய்வைப் புகைப்படம் எடுக்கும் இளைஞன் ஒருவன் படத்தில் உண்டு, அவன் கற்பனை. உண்மையில் நூற்றுக்கணக்கில் படம் எடுத்தவர்கள் மெர்சி லாக், பார்பரா வாக்ஸ்டாஃப் என்ற இரண்டு பள்ளி ஆசிரியைகள். விடுமுறைக்கு வந்தவர்கள். மறக்கப்பட்டவரை நினைவூட்ட எடுத்த படம், இன்னும் இரண்டு பெண்களை மறந்துவிட்டது.

பிரவுன் கசப்பில் உட்கார்ந்துவிடவில்லை என்பதுதான் எங்களுக்குப் பிடித்த பகுதி. 1961இல் ஓய்வு பெறும்வரை இப்ஸ்விச் அருங்காட்சியக வேலையில் தொடர்ந்தார். பிறகு தன் சொந்த ஊரான ரிக்கிங்ஹாலில், புரூம் ஹில்ஸ் என்ற இடத்தில் 1964 முதல் 1968 வரை தோண்டினார். ஊர்ப் பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டார். உலகமே பேசும் கப்பலைக் கண்டெடுத்த மனிதர், எண்பதை நெருங்கும் வயதில், பள்ளிப் பிள்ளைகளுக்குப் பானை ஓட்டைக் காட்டி 'இது எந்தக் காலத்தது, எப்படித் தெரியும்' என்று சொல்லிக்கொண்டிருக்கிறார். வரலாற்றைப் பொதுமக்களிடம் கொண்டுபோவது என்று இன்று கருத்தரங்குகளில் பேசப்படுவதை அவர் திட்டம் போடாமல் செய்தார். 1966இல் அரசு அவருக்கு ஆண்டுக்கு 250 பவுண்டு ஓய்வூதியம் கொடுத்தது. 1977இல் இறந்தார். ஊர்த் தேவாலயத்தில் அவருக்கு நினைவுப் பலகை வைத்தது 2009இல்.

சரி, மண்ணில் இருந்தவர்கள்? ராஜாவை விட்டுவிடுவோம்.

சஃபோக்கிலேயே வெஸ்ட் ஸ்டோ என்ற இடத்தில் 1965 முதல் 1972 வரை ஸ்டான்லி வெஸ்ட் தலைமையில் ஓர் ஆங்கிலோ-சாக்சன் கிராமம் அகழப்பட்டது. அரண்மனை இல்லை, தங்கம் இல்லை. நெசவு செய்தவர்கள், ஆடு மாடு வளர்த்தவர்கள், உழுதவர்கள் வாழ்ந்த ஊர். இதற்கு முன் சாதாரண மக்களின் வீடுகளைப் பற்றி ஒரு கருத்து இருந்தது. அந்தக் கால வீடுகள் பலவற்றின் அடியில் ஒரு பள்ளம் இருக்கும், அதில் எலும்பும் உடைந்த பானையும் கிடக்கும். 1920களில் சட்டன் கோர்ட்னியில் இப்படிப்பட்டவற்றைத் தோண்டிய லீட்ஸ் என்ற அறிஞர், மக்கள் அந்தக் குழிக்குள்ளேயே, குப்பைக்கு நடுவிலேயே வாழ்ந்தார்கள் என்று எழுதிவிட்டார். பல காலம் அதுதான் பாடம். வெஸ்ட் ஸ்டோவில் எரிந்துபோன வீடுகளின் மிச்சங்களைக் கவனித்தபோது, பள்ளத்தின்மேல் பலகைத் தரை இருந்திருக்க வேண்டும் என்று வெஸ்ட் வாதிட்டார். பள்ளம், தரைக்குக் கீழே காற்றுக்காக விட்ட வெற்றிடம். வீடு கைவிடப்பட்ட பிறகுதான் அதில் குப்பை விழுந்தது. 1970களில் அதே இடத்தில், அந்தக் காலக் கருவிகளைப் போன்றவற்றை வைத்தே வீடுகளைக் கட்டிப் பார்த்தார்கள். பலகைத் தரை போட்ட வீடு, உலர்ந்து, உறுதியாக, குடும்பம் வாழத் தக்கதாக நின்றது. எல்லாப் பள்ளங்களுக்கும் அப்படித் தரை இருந்ததா என்று இன்றும் விவாதம் உண்டு. ஆனாலும் இன்று பள்ளிப் பிள்ளைகள் அந்த வீடுகளுக்குள் நுழைந்து உட்கார்ந்து பார்க்கலாம்.

'அவர்கள் அழுக்கிலேயே வாழ்ந்தவர்கள்' என்ற வாக்கியத்தை நாம் எத்தனை பேர் வாயில் கேட்டிருக்கிறோம்! களப்பணிக்குக் குடியிருப்புகளுக்குள் போகும்போதெல்லாம், வெளியில் நின்று எழுதியவர்களின் அறிக்கையும் உள்ளே நாம் பார்க்கும் வீடும் ஒத்துப்போகாத அனுபவம் எங்களுக்கு உண்டு. அதனால்தான் இந்தப் பலகைத் தரைக் கதையை இவ்வளவு நீட்டினோம்.

ஆனால் அந்த வீடுகளை வைத்து, சமத்துவமான பழங்கால கிராமம் ஒன்றைக் கற்பனை செய்துகொண்டால் ஏமாந்துபோவோம். ஆங்கிலோ-சாக்சன் சமூகத்தில் ஒவ்வொரு மனிதருக்கும் விலை உண்டு. 'வெர்கில்ட்' என்பார்கள். ஒருவரைக் கொன்றால் அவர் குடும்பத்துக்குக் கொடுக்க வேண்டிய தொகை. ஏழாம் நூற்றாண்டின் இறுதியில் வெஸ்செக்ஸ் மன்னன் ஐனி வகுத்த சட்டத்தில், சாதாரணச் சுதந்திர மனிதனுக்கு 200 ஷில்லிங், உயர்குடியினருக்கு 600, 1,200. பிரிட்டானிய வழிவந்த, நிலமுள்ள ஒருவருக்கு 120. நிலமற்றவருக்கு 60. அடிமைக்கு 60, சில சமயம் 50. ஒரே கொலை; செத்தவர் யார் என்பதைப் பொறுத்து விலை. படிநிலைப்பட்ட ஏற்றத்தாழ்வு என்று அண்ணல் சொன்னதை மனுவில் படித்தவர்களுக்கு இந்தப் பட்டியலைப் படிக்க அகராதி தேவைப்படாது. ஒரு வேறுபாட்டையும் சொல்லிவிட வேண்டும்: அங்கே அடிமை விடுதலை பெறலாம், விடுதலை பெற்றவரின் பேரப்பிள்ளைகள் ஊரோடு கலந்து காணாமல் போகலாம். சாதி அந்தக் கதவையும் சாத்திவிட்டது.

அந்தப் பிரிட்டானியர்களை ஆங்கிலத்தில் 'வெயால்' என்றார்கள். முதலில் 'அந்நியர்' என்று பொருள். 'வேல்ஸ்' என்ற நாட்டின் பெயர் இதிலிருந்துதான் வந்தது. நாளடைவில் இதே சொல்லுக்கு 'அடிமை' என்றும் பொருள் வந்துவிட்டது. அந்த மண்ணில் முன்பே வாழ்ந்தவர்களின் பெயர், பிறகு வந்து அதிகாரம் பிடித்தவர்களின் வாயில் அடிமையின் பெயராகிறது. ஒரு மக்களின் பெயரே வசைச்சொல்லாக ஆவதற்கு எத்தனை தலைமுறை ஆகும் என்று இதைப் படிக்கும்போது கணக்குப் போட்டுப் பார்த்தோம்.

பத்தாம் நூற்றாண்டில் கீட்ஃப்ளெட் என்ற பெண் சிலரை விடுதலை செய்த பதிவு ஒன்று வடக்கே டர்ஹாம் தேவாலய ஏட்டில் இருக்கிறது. கொடிய பஞ்ச காலத்தில் சோற்றுக்காகத் தங்கள் தலையையே அவளிடம் அடகு வைத்தவர்கள் அவர்கள். 1086இல் நார்மன் அரசு எடுத்த 'டூம்ஸ்டே' கணக்கில் பதிவானவர்களில் ஏறத்தாழ பத்தில் ஒருவர் அடிமை. கடைகளில் விற்கும் ஆங்கிலோ-சாக்சன் தலைக்கவசப் பொம்மையோடு இந்தக் கணக்கு வருவதில்லை.

சட்டன் ஹூவிலேயே இன்னொரு புதைகுழி வரிசை உண்டு. 1983இல் தொடங்கி மார்ட்டின் கார்வர் தலைமையில் மீண்டும் அகழ்ந்தபோது, அரச மேடுகளின் பக்கத்திலும், தூக்குமரம் நின்றதாகத் தெரியும் ஓர் இடத்தைச் சுற்றியும் 39 அடக்கங்கள் கிடைத்தன. மண்டியிட்டபடி, குப்புற, கை கட்டப்பட்டபடி, தலை துண்டிக்கப்பட்டு. எட்டாம் நூற்றாண்டு முதல் பதினொன்றாம் நூற்றாண்டு வரையிலானவை. தண்டனை கொடுத்துக் கொல்லப்பட்டவர்கள். கப்பலுக்கு நேர்ந்ததே அவர்களுக்கும் நேர்ந்தது: எலும்பு கரைந்து, உடல் இருந்த இடத்தில் கறுத்த மணல் மட்டும். தொல்லியலாளர்கள் அவர்களை 'மணல் மனிதர்கள்' என்று அழைத்தார்கள். அரசனின் மணல் கப்பலும் தண்டிக்கப்பட்டவர்களின் மணல் உடல்களும் ஒரே வெளியில் கிடக்கின்றன.

இனி, அந்தத் தோழருக்கு அன்று சொல்ல முடியாமல் போன விஷயம். ஆங்கிலோ-சாக்சன் என்ற பெயரை, தூய வெள்ளை இனம் என்ற பொருளில் நிறவெறியர்கள் நீண்ட காலமாகத் தூக்கித் திரிகிறார்கள். இதன் காரணமாகவே 2019இல் இந்தத் துறையின் சர்வதேச அறிஞர் சங்கத்தில் பெரும் சர்ச்சை வெடித்தது. மேரி ரம்பாரன்-ஓல்ம் என்ற அறிஞர் பொறுப்பிலிருந்து விலகினார். சங்கம் தன் பெயரிலிருந்தே அந்தச் சொல்லை நீக்கியது. பெயரை மாற்றத் தேவையில்லை, பொருளை மீட்டால் போதும் என்று வாதிடும் தொல்லியலாளர்களும் இருக்கிறார்கள். எங்களுக்குள்ளும் இதில் ஒருமித்த கருத்து இல்லை.

மண் என்ன சொல்கிறது? 2022இல் வெளியான பெரிய மரபணு ஆய்வு ஒன்று, அக்காலக் கிழக்கு, தெற்கு இங்கிலாந்து மக்களின் மரபில் பெரும்பகுதி வட ஐரோப்பாவிலிருந்து வந்தது என்றது. குடியேற்றம் நடந்தது உண்மைதான். ஆனால் வந்தவர்களும் இருந்தவர்களும் கலந்து, ஒரே இடுகாட்டில், ஒரே முறையில் அடக்கம் செய்யப்பட்டிருந்தார்கள். கென்ட் பகுதியில் அப்டவுன் என்ற இடத்து ஏழாம் நூற்றாண்டு இடுகாட்டில், சுமார் 11 வயதுச் சிறுமி ஒருத்தி. கத்தி, சீப்பு, பானை என்று மற்றப் பிள்ளைகளுக்கு வைத்தது போலவே அவளுக்கும் வைத்து அடக்கம் செய்திருக்கிறார்கள். அவள் மரபணுவில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு மேற்கு ஆப்பிரிக்க வழி. அவளை அந்த ஊர் தன் பிள்ளையாகவே புதைத்திருக்கிறது. தூய இனம் பேசுகிறவர்கள் இந்தச் சிறுமியைத் தாண்டித்தான் போக வேண்டும்.

கடைசியாக, நம் பக்கத்து மண். சட்டன் ஹூவின் தோள் பிடிகளிலும் பணப்பை மூடியிலும் தங்கத் தகட்டுக்குள் சின்னஞ்சிறு சிவப்புக் கற்களை இழைத்திருப்பார்கள். அவை கார்னெட் கற்கள்; நம் ஊரில் மோதிரத்துக்குக் கேட்கும் கோமேதகமும் அதே குடும்பம்தான். அந்தக் காலத்து ஐரோப்பிய நகைகளின் கார்னெட்டுகளைச் சோதித்தவர்கள், அவற்றில் பல இந்தியாவிலிருந்தும் இலங்கையிலிருந்தும் கடல் கடந்து போனவை என்கிறார்கள். ரெட்வால்டின் பெயர் நமக்குத் தெரிகிறது. தோண்டியவர் பெயரும் எழுபது எண்பது ஆண்டு தாமதமாகவாவது பலகையில் ஏறிவிட்டது. இந்தப் பக்கம் ஆற்று மணலைச் சலித்தோ குழிக்குள் இறங்கியோ அந்தச் சிவப்புக் கல்லை எடுத்தவர்கள் யார், எந்தக் குடியிருப்பு, எடுத்த கல்லுக்கு என்ன கூலி?

வரும் ஞாயிறு அண்ணலின் அந்த முன்னுரையைச் சேர்ந்து வாசிக்கிறோம். கேள்வி கேட்ட தோழர் கார்னெட் வணிகத்தைப் பற்றிக் கொஞ்சம் தேடி வருவதாகச் சொல்லியிருக்கிறார்.